மேகபுரியின் பச்சை வெளிச்சம்

தில்லி மயூர் விஹாரில் தமிழர்கள் நிறைந்த ஓர் அடுக்குமாடி சொசைட்டியில் ஃபியூஸ் போனால் லைன்மேனைத் தேடுவதற்கு முன் லீலாவதியின் வீட்டுக் கதவைத்தான் தட்டுவார்கள். அவள் லோதி ரோட்டில் ஒரு மத்திய அரசு அலுவலகத்தில் குமாஸ்தா. மின்சாரத்தை எங்கும் படித்தவள் அல்ல. கல்யாணமாகித் திருநெல்வேலியிலிருந்து தில்லிக்கு வந்த வருஷம் இஸ்திரிப்பெட்டி கெட்டுப்போக, அதைத் திறந்து பார்த்ததில் பிடித்துக்கொண்ட பித்து. அவள் திறந்த சாமான்களில் பாதி மறுபடி ஓடின. மீதியைப் பற்றி அக்கம்பக்கத்தார் பெருந்தன்மையாகப் பேசுவதில்லை.

அவள் கணவர் ஜோதிலிங்கத்துக்கு நாடகப் பித்து. தொண்ணூற்றேழாம் வருஷப் பொங்கல் விழாவுக்குத் தமிழாசிரியை ஹம்சா ஒரு நாடகம் எழுதினாள். மேகபுரி என்று ஒரு நாடு. அங்கே யார் பொய் சொன்னாலும் வானத்தில் பச்சை வெளிச்சம் தோன்றிவிடும். ராஜாவோ வாயைத் திறந்தால் பொய். யாரும் கேட்காமலே ஜோதிலிங்கம் ராஜாவாகிவிட்டார். வெளிச்சம் லீலாவதியின் பொறுப்பு.

மின்சாமான் கடைகள் நிறைந்த பகீரத் பேலஸில் ஹாலஜன் விளக்கும் பச்சை ஜெலட்டின் தாளும் வாங்கினாள். கடைக்காரர், "வீட்டில் கல்யாணமா பெஹன்ஜி?" என்று இந்தியில் கேட்டார்.

"இல்லை பையா, வானத்துக்கு."

"அச்சா," என்றவர், தினமும் நாலு பேர் அதற்காகவே வருவதுபோல அடுத்த தட்டைக் காட்டினார்.

விழா பார்க்கில் நடந்தது. பொழுது சாயும்போதே பனிமூட்டம் இறங்கிவிட்டது. ராஜா முதல் பொய்யைச் சொன்னதும், மேடைக்குப் பின்னால் உட்கார்ந்திருந்த லீலாவதி சுவிட்சைத் தட்டினாள். எண்ணெய் டின்னுக்குள் பொருத்தியிருந்த விளக்கு, வெள்ளைத் திரையில் ஓரம் கிழிந்த ஒரு பச்சை வட்டத்தைப் போட்டது. ஜனங்கள் கைதட்டினார்கள். அவளுக்குப் பரம திருப்தி.

கொஞ்ச நேரத்தில் ராஜாவுக்கு வசனம் மறந்துவிட்டது. ஜோதிலிங்கம் விழித்தார், மீசையைத் தடவினார், பிறகு வாய்க்கு வந்ததைச் சொன்னார். "மந்திரி, மகாராணி வைக்கும் ரசம் எனக்கு அமிர்தம்."

வானம் பச்சையானது.

திரையில் இல்லை. எல்லா பிளாக்குகளுக்கும் மேலே, பனிமூட்டம் முழுக்க, மாங்காய்த் தோல் நிறத்தில் ஒரு வெளிச்சம் மெல்லப் பரவி நின்றது. லீலாவதியின் கையில் டீ டம்ளர்தான் இருந்தது. சுவிட்ச் அணைந்தே கிடந்தது. பிளக்கையும் பிடுங்கிப் பார்த்தாள். வானத்து வெளிச்சம் அது பாட்டுக்கு எரிந்துவிட்டு, தானாக மறைந்தது.

நாடகம் எப்படியோ முடிந்தது. நன்றி சொல்ல சொசைட்டி செக்ரட்டரி சங்கரநாராயணன் மைக்கைப் பிடித்தார். "மூணாம் மாடிக்கு ஜலம் ஏறலைங்கற பிரச்சினை வர்ற திங்கட்கிழமைக்குள்ள தீர்ந்துடும்."

மறுபடி பச்சை. மூன்றாம் மாடிக்காரர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள்.

"மேடம், லைட்டை பந்த் பண்ணுங்கோ," என்றார் செக்ரட்டரி.

லீலாவதி மேடையேறி, பிளக்கை எல்லோருக்கும் தெரிகிற மாதிரி தூக்கிக் காட்டினாள். சிரிப்பு அடங்கிவிட்டது. சங்கரநாராயணன் அண்ணாந்து பார்த்தார்.

"சரி, ஒரு மாசம் ஆகும்."

வெளிச்சம் அசையவில்லை.

"பிளம்பரைக் கூப்பிடவே இல்லை," என்றார் தணிந்த குரலில். "மறந்தே போயிடுத்து."

வானம் பழையபடி சாம்பல் நிறமானது.

அன்று யாரும் நின்று பேசவில்லை. நாடகம் எப்படி என்று ஹம்சா வழிமறித்துக் கேட்டும் "ம்" என்பதற்குமேல் ஒருவரும் வாய் திறக்கவில்லை. புருஷன் பெண்டாட்டிகள் உதட்டை இறுக்கிக்கொண்டு வீடு போய்ச் சேர்ந்தார்கள்.

சாப்பாட்டில் ஜோதிலிங்கம் ரசத்தைக் கலந்துவிட்டு ஜன்னல் பக்கம் ஒரு பார்வை பார்த்தார்.

"புளி தூக்கலா இருக்கு லீலா. எப்பவுமே தூக்கல்தான்."

"இத்தன வருசமா ஏன் சொல்லாம இருந்தீய?"

"சொன்னா நீ ரசம் வைக்கதையே நிறுத்திருவியோன்னு பயந்துட்டேன்."

அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. மறுநாள் புளியைக் குறைத்தாள். வாரக் கடைசிக்குள் மூன்றாம் மாடிக்குத் தண்ணீர் ஏறியது.

யமுனைப் பாலத்து லாரி விளக்குகள் பனியில் பட்டுத் தெறித்திருக்கும் என்று சிலர் சொன்னார்கள். அந்த வெளிச்சம் அப்புறம் வரவே இல்லை. மற்றவர்களுக்கு நிம்மதி. லீலாவதிக்கு மட்டும் ஏக்கம். பயமெல்லாம் இல்லை, பொறாமைதான். தான் போட்ட வட்டத்துக்கு ஓரம் கிழிந்திருந்தது. அதற்கு ஓரமே இல்லை. அந்தப் பச்சையை ஒருமுறையாவது தன் கையால் வரவழைக்க வேண்டும் என்று தோன்றிவிட்டது.

அதற்காகவே தில்லித் தமிழர்கள் எங்கே நாடகம் போட்டாலும் விளக்குப் போடப் போனாள். மஞ்சள் தாளையும் நீலத் தாளையும் மாற்றி மாற்றி அடுக்கினாள். சிலதைக் கருக்கினாள். வேலையிலிருந்து ஓய்வு பெற்ற பிறகு முழுநேரமும் அதுதான்.

ஒருநாள் மாலை, கோல் மார்க்கெட் பக்கத்தில் ஒரு ஒத்திகை. குளத்தங்கரைக் காட்சிக்கு விளக்கைப் போட்டவள் அப்படியே நின்றுவிட்டாள். மாங்காய்த் தோல் நிறம், மேடை முழுக்க, ஓரமில்லாமல்.

டைரக்டர் வந்து, "இன்னும் கொஞ்சம் நீலம் கூட்டலாமே மேடம்," என்றார்.

முடியாது என்று சொல்லிவிட்டாள்.