பேசாத படத்துக்குக் கூட்டம் பிடித்த கதை

சினிமாவுக்குக் கூட்டம் பிடித்துக் கொடுக்கிறவனுக்கு நல்ல பெயரே கிடையாது. ஆள் குறைந்தால் டைரக்டர் திட்டுவார், இட்லி குறைந்தால் கூட்டம் திட்டும். கல்யாணத்துக்கு வேன் பேசிவிட்டு, கடைசி ஆள் தலை சீவி முடித்து வருகிறவரை தெருவில் நின்றவர்கள் உங்களில் இருந்தால், என் பாடு புரியும். காரைக்குடியைச் சுற்றி எந்தப் பெரிய வீட்டில் படப்பிடிப்பு நடந்தாலும் ஊர்வலம், பஞ்சாயத்து, இழவு எல்லாவற்றுக்கும் ஆட்கள் என் கைவசம்தான். கூட்டாளி என் சகலை சுந்தரம். அவர் வேன் ஓட்டுவார், நான் தொண்டை கிழியக் கத்துவேன்.

சகலை என்றதும் இன்னொன்றையும் சொல்லிவிட வேண்டும். என் மனைவி விசாலமும் அவர் மனைவி கமலாவும் கூடப் பிறந்தவர்கள். ஆனால் பேச்சுவார்த்தை கிடையாது. கமலா தன் மகள் கல்யாணப் பத்திரிகையை அக்காவுக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பிவிட்டாள். தட்டு வைத்து அழைக்க நான் ஆளில்லையா என்று இவள். கூடப் பிறந்தவளுக்குத் தட்டு என்ன தட்டு, அவளல்லவா முன்னால் நின்று நடத்த வேண்டும் என்று அவள். விசாலம் கல்யாணத்துக்குப் போகவில்லை. அன்றோடு சரி.

அதன் பிறகு அந்த வீட்டுச் செய்தி இங்கேயும் இந்த வீட்டுச் செய்தி அங்கேயும் போனது டீக்கடை வழியாகத்தான். கடத்தியவர்கள் நானும் சகலையும். "கமலாவுக்கு முழங்கால் வலி அதிகமாயிருச்சாம்" என்று சுவரைப் பார்த்துச் சொல்வேன். விசாலம் காதில் விழாத மாதிரி வெங்காயம் உரிப்பாள். இது எப்போதுதான் தீருமோ என்று எங்கள் இரண்டு பேருக்கும் மனசு கிடந்து அடித்துக்கொள்ளும்.

வசனமே கிடையாதாம்

சில வருஷத்துக்கு முன்னால் சென்னையிலிருந்து ஒரு டைரக்டர் வந்தார். ஒல்லியான பையன், எந்நேரமும் கையில் தண்ணீர் பாட்டில். நம் பக்கத்தில் வெள்ளைக்காரனை எதிர்த்து ஊர்வலம் போன சனங்களின் கதையைப் பழைய காலத்து மௌனப் படம் மாதிரியே எடுக்கப் போகிறாராம். கறுப்பு வெள்ளை. வசனம் கிடையாது. ஆட்கள் வாயை மட்டும் அசைப்பார்கள். என்ன சொன்னார்கள் என்று அட்டை போட்டுக் காட்டுவார்கள்.

தலைவர் வேஷத்துக்கு நல்ல மீசை வேண்டும் என்றார். எனக்குத் தெரிந்த நல்ல மீசை செக்காலையில் காய்கறிக் கடை வைத்திருக்கும் முத்துக்கருப்பனுடையது. அவரோ கதையெல்லாம் கேட்டுவிட்டு, தராசைத் துடைத்தபடி யோசித்தார். "படம் பூரா வாயை மட்டும் அசைச்சா, இந்தாளுக்குப் பேச்சு வராது போலன்னுல்ல நெனைப்பாக? மகளுக்கு மாப்பிள்ளை பாத்துக்கிட்டு இருக்கேன்ப்பா, என்னைய விட்ருங்க."

தடியடி

ஊர்வலத்தைப் போலீஸ் அடித்துக் கலைக்கிற காட்சி. கீழச்சிவல்பட்டியில் ஒரு பெரிய வீட்டு முன்னால், காலை வெயிலில். புரோட்டாக் கடை ஜமால் பாயைப் போலீஸ்காரராகப் போட்டிருந்தோம். உயரமான ஆள், அரை டவுசரும் தொப்பியும் போட்டதும் எனக்கே பயமாக இருந்தது. "ஆக்‌ஷன்" என்றதும் ரப்பர் தடியை ஓங்கினார். ஓங்கிய கை அப்படியே நின்றுவிட்டது. கேமரா ஓடுகிறது, இவரோ கீழே கிடந்தவரைத் தூக்கிவிட்டு முதுகில் மண்ணைத் தட்டிக்கொண்டிருக்கிறார்.

டைரக்டர் தலையில் கை வைத்துவிட்டார். நான் ஓடிப்போய் என்ன பாய் இது என்றேன். ஜமால் பாய் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு சொன்னார்: "இவுக டெய்லி ராத்திரி நம்ம கடைக்கு வாறவுகண்ணே. இங்கிட்டு இப்புடி அடிச்சுட்டு, அங்கிட்டு எந்த மூஞ்சியோட சால்னா ஊத்துறது?"

ஒரே சாடை

மறுநாள் பெண்கள் ஊர்வலம். ஆள் பற்றவில்லை. வேறு வழியில்லாமல் நான் விசாலத்தைக் கூட்டிவந்தேன். அங்கே திருப்பத்தூர் ஆட்களை ஏற்றிக்கொண்டு சகலையின் வேன் வந்து நிற்கிறது, கதவைத் திறந்தால் கமலா. நான் சகலையைப் பார்த்தேன், அவர் என்னைப் பார்த்தார். அவருக்கும் ஆள் பற்றவில்லை. ஒருத்தியை முதல் வரிசையிலும் இன்னொருத்தியைக் கடைசி வரிசையிலும் நிறுத்திவிட்டு மூச்சு விட்டோம்.

டைரக்டர் கூட்டத்தை ஒரு சுற்றுச் சுற்றிவந்தார். இரண்டு பேரையும் கையைப் பிடித்து முன்னால் கொண்டுவந்துவிட்டார். இரண்டு பேருக்கும் ஒரே முகச்சாடையாம். அக்கா அடிபட்டு விழுவாள், தங்கை குனிந்து தூக்கிக் கொடியை வாங்கிக்கொள்வாள் என்றார். விசாலம் முகத்தைத் திருப்பிக்கொண்டு, "விழச் சொன்னா விழுறேன். ஆனா அவகூடப் பேசமாட்டேன், இப்பவே சொல்லிட்டேன்" என்றாள். அந்தப் பையனுக்கு என்ன தெரியும், பாவம். "பேசவே வேணாம்மா, இது பேசாத படம்தான்."

ஒண்ணு, ரெண்டு, மூணு

வாய் அசைந்தால் போதும், ஒண்ணு ரெண்டு மூணு என்று எண்ணினால்கூடப் போதும் என்று சொல்லிக்கொடுத்தார்கள். காட்சி நேரத்தில் நான் தெருமுனையில் திருப்பத்தூர் பஸ்ஸை மறித்து நின்றேன். எதுவும் காதில் விழவில்லை. விசாலம் விழுந்ததும் கமலா குனிந்ததும் தெரிந்தது. வாய்கள் அசைந்தன. அசைந்துகொண்டே இருந்தன. டைரக்டர் நிறுத்தவே இல்லை. கமலா முந்தானையால் கண்ணைத் துடைத்தாள், விசாலத்தின் தோள் குலுங்கியது. கண்டக்டர் என் தோளைத் தொட்டு, நெசமாவே யாருக்காச்சும் அடிபட்டிருச்சா என்று கேட்டார்.

பிரச்சினை தீர்ந்தது என்று சகலையும் நானும் ஆளுக்கொரு டீ சொன்னோம். எங்கே தீர்ந்தது? சாயங்காலம் அவள் அந்த வேனில் ஏறினாள், இவள் இந்த வேனில் ஏறினாள், ஒருத்தி ஒருத்தியைத் திரும்பிப் பார்க்கவில்லை. வீட்டுக்கு வந்ததும் ஆசையை அடக்க முடியாமல், அவ்வளவு நேரம் என்னதான் பேசினீர்கள் என்று கேட்டேன். விசாலம் என்னைப் பார்க்காமலே சொன்னாள்: "ஒண்ணு, ரெண்டு, மூணு."

மண்டபத்தில்

படம் முடிந்ததும், நடித்தவர்களுக்காகச் செக்காலையில் ஒரு கல்யாண மண்டபத்தில் போட்டுக் காட்டினார்கள். விசாலம் முன்னால், பக்கத்து நாற்காலியில் அவள் கைப்பை. கமலா மூன்று வரிசை தள்ளி, சுவரோரம். அந்தக் காட்சி வந்தபோது டைரக்டர் இசையைக்கூட நிறுத்தியிருந்தார். மண்டபத்தில் ஃபேன் சத்தம் மட்டும்தான். திரை முழுக்க என் மனைவியின் முகம், வாய் அசைகிறது. பிறகு அட்டை: 'தங்கையே, இக்கொடி மண்ணில் விழலாகாது!' சனம் கை தட்டியது.

கைதட்டல் ஓய்ந்ததும் பின்னாலிருந்து கமலாவின் குரல். "அக்கா அதைச் சொல்லல."

விசாலம் திரும்பாமலே கேட்டாள், "பின்ன என்ன சொன்னேன்?"

"முழங்கால் வலியை வச்சுக்கிட்டு ஏன்டி குனியுறன்னு கேட்டே."

இருட்டில் சகலையைத் தேடினேன். அவர் துண்டால் முகத்தை மூடியிருந்தார். திரையில் இப்போது கமலாவின் வாய் அசைந்தது. "அதுக்கு நீ சொன்னதையும் சொல்லு" என்றாள் விசாலம். குரல் உடைந்திருந்தது.

"நீ வராம எம்மக கல்யாணம் கல்யாணமாவா இருந்துச்சுன்னேன்."

விசாலம் பக்கத்து நாற்காலியிலிருந்த கைப்பையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள். "அங்குட்டு ஃபேன் காத்து வராது. இங்குட்டு வந்து உக்காரு."

இப்போது அக்காவும் தங்கையும் விடிந்ததும் போனை எடுத்தால் கீழே வைப்பதில்லை, நானும் சகலையும்தான் கடத்துவதற்குச் செய்தி ஒன்றுமில்லாமல் டீக்கடையில் மௌனப் படம் ஓட்டிக்கொண்டிருக்கிறோம்.