குனிந்தே பழகிய ஷிகே

“புது அரசியல் சட்டம் வந்தாச்சே, இனிமே பேரரசரை நிமிர்ந்து பாக்கலாமாடி?” என்று ஷிகே கேட்டாள்.

“பாக்கலாம் அக்கா. அதிகாரமெல்லாம் இப்ப ஜனங்களுக்குத்தான்,” என்றாள் பக்கத்து வீட்டு ஓரியே. அவள் நகராட்சியில் எழுத்தர்.

“அப்ப நானும் ராணியா? ராணி ஏன்டி விடியுமுன்னே எந்திரிச்சு சோயா அரைக்கிறா?”

ஷிகே கனசாவா நகரில் டோஃபு என்னும் சோயாக் கட்டி விற்றாள். அவளுடைய இளவயதில் பேரரசரின் ஊர்வலம் ஒருமுறை அந்தத் தெருவில் போனது. மேலிருந்து யாரும் அவரைப் பார்க்கக் கூடாதென்று மாடி ஜன்னல்களை அடைக்கச் சொன்னார்கள். ‘தலையைக் குனி’ என்று போலீஸ்காரர் போட்ட அதட்டலில் அவள் பார்த்ததெல்லாம் தன் செருப்பை மட்டுமே. பின்னாளில் பேரரசர் பெயரைச் சொல்லித்தான் அவள் மகனைப் போருக்குக் கூட்டிப்போனார்கள். அவன் திரும்பவில்லை. அந்த முகத்தை ஒரு தடவையாவது பார்த்துவிட வேண்டும் என்பது அவள் பிடிவாதம்.

இலையுதிர் காலத்தில் பேரரசர் ஊருக்கு வந்தார். ஷிகே கடையை மூடிவிட்டு முதல் வரிசையில் இடம் பிடித்தாள். கூட்டம் ஆரவாரித்தது, யாரும் அதட்டவில்லை. ஆனால் கார் நெருங்கியதும் ஷிகேயின் இடுப்பு தானாக மடங்கிவிட்டது. நிமிர்ந்தபோது புழுதிதான் மிச்சம்.

“பாத்தீங்களா அக்கா?”

“பாத்தேன், செருப்பை. இந்தத் தடவை புதுச் செருப்பு.”

இருவரும் வீடு திரும்பினார்கள். வாசலில் ஷிகே ஓரியேயின் கையைப் பற்றினாள்.

“நாளைக்குப் பேரரசர் திரும்பிப் போறப்பவும் இதே வழிதானாமே. நீ பின்னால நின்னு என் கிமோனோ கழுத்தை இறுக்கிப் பிடிச்சுக்கோடி. நான் எவ்வளவு திமிறினாலும் குனிய விடாதே.”