மாக்கிரட் சொன்னால் போகலாம்

பார்க் எக்ஸ்டென்ஷன் பகுதியில் வந்து குடியேறிய தமிழ்க் கத்தோலிக்கக் குடும்பங்கள் பிள்ளைகளைப் படத்துக்குக் கூட்டிப்போவதென்றால் முதலில் மாக்கிரட்டுக்குத்தான் போன் அடிப்பார்கள். அமெரிக்காவிலிருந்து தபாலில் வரும் கத்தோலிக்க வாரப் பத்திரிகையை அகராதியும் கையுமாக இருந்து வாசிக்கிறவள் அவள் ஒருத்திதான். அங்குள்ள ஆயர்களின் அலுவலகம் ஒவ்வொரு படத்துக்கும் விமர்சனம் எழுதி, ஓர் எழுத்தும் போட்டிருக்கும். ‘ஏ’ என்றால் போகலாம். ‘ஓ’ என்றால் அந்தப் பக்கமே தலைவைத்துப் படுக்கக்கூடாது.

வகுப்புப் பிள்ளைகள் எல்லாம் பார்த்த படத்தைத் தான் மட்டும் பார்க்கவில்லையென்று மகன் றொக்சன் அழுது புரண்டதும் உண்டு. மனுசி அசையவில்லை. பிள்ளை கெட்டுப்போனால் ஊர் அவளைத்தானே கேட்கும்.

அந்தப் பிள்ளை வளர்ந்து, எல்லாரும் மூக்கில் விரல் வைக்கும்படி சினிமா படிக்கப் போனான். 2007 வசந்தத்தில், டவுன்டவுன் பல்கலைக்கழகத்தில் அமெரிக்கத் திரைப்பட விமர்சனத்தின் வரலாறு பற்றிப் பேசப்போகிறேன் என்று தாயைக் கூப்பிட்டான். அவளுக்குக் கால் நிலத்தில் படவில்லை. வேலைக்கு லீவு போட்டு, பட்டுச் சேலை கட்டி, மீன் றோல்ஸும் பொரித்துக்கொண்டு போய் முன்வரிசையில் இருந்தாள்.

அவன் பிரெஞ்சில் பேசினான். பாதி விளங்கியது. ஒரு காலத்தில் பத்திரிகை விமர்சகர் ஒருவர் நினைத்தால் தியேட்டர் நிரம்பும், இல்லையென்றால் காற்று வாங்கும். இப்போது கொம்பியூட்டரில் நூற்றுக்கு இத்தனை என்று ஓர் இலக்கம், அவ்வளவுதான். விமர்சகர்களைப் பத்திரிகைகள் வீட்டுக்கு அனுப்புகின்றன என்றான். பிறகு வேறு கதைக்குத் தாவி ஏதோ சொல்ல, சபை சிரித்தது. மகன் பகிடி விடுகிறான் என்று அவளும் சேர்ந்து சிரித்தாள். அதற்குப் பிறகுதான் அவனுக்குப் பின்னால் இருந்த திரையைப் பார்த்தாள். அவள் வாசிக்கிற பத்திரிகையின் அதே பக்கம், அதே எழுத்துகள். “படம் பார்க்கத் தெரியாதவர்கள் படத்துக்குத் தீர்ப்புச் சொன்ன காலம்” என்று அவன் முடித்தது மட்டும், பாவம், அவளுக்கு நன்றாகவே விளங்கிவிட்டது. சிரித்த வாயை எங்கே வைப்பதென்று தெரியவில்லை.

வீட்டுக்குத் திரும்பும் மெட்ரோவில் அவள் யன்னல் பக்கம் திரும்பி இருந்தாள்.

“ஏனம்மா கதைக்கிறியள் இல்லை? நான் உங்களைச் சொல்லேல்லை. அது அமெரிக்கச் சரித்திரம்.”

“உன்ரை அப்பா செத்தாப்பிறகு உன்னைக் கையிலை தூக்கிக்கொண்டு இஞ்சை வந்தனான். பாஷையும் தெரியாது. பிள்ளைக்கு எது நல்லது, எது கூடாதெண்டு கேக்க எனக்கு ஒருத்தருமில்லை, றொக்சன். அந்தப் பேப்பரைத்தான் கேட்டனான்.”

ரயில் இரண்டு நிலையம் தாண்டியது.

“அம்மா, இந்த ஞாயிறு ஒரு படத்துக்குப் போவமே? எந்தப் படமெண்டு நீங்களே சொல்லுங்கோ.”

“எனக்குப் படம் பார்க்கத் தெரியாது, தம்பி” என்றாள் மாக்கிரட்.