ஒரே பெயரில் இரண்டு பைல்கள்

2006-இல் நான் அரியலூரில் ஒரு சுண்ணாம்புக்கல் குவாரியின் எடைமேடை ஆபீஸில் வேலை பார்த்தேன். என்னோடு பாலிடெக்னிக்கில் படித்த நண்பன் பெரம்பலூரில் டிடிபி கடை வைத்திருந்தான். கல்யாணப் பத்திரிகை வேலை இல்லாத ஞாயிறுகளில், சின்ன வயதில் டிவியில் செருகி ஆடிய பழைய கேம்களை அவன் கம்ப்யூட்டரில் ஆடுவோம்.

அந்தக் கேம்களை ரசிகர்கள் தாங்களே மாற்றி, புது லெவல்கள் சேர்த்து இணையத்தில் போடுவார்கள். முழு கேமையும் தரமாட்டார்கள். மாற்றங்கள் மட்டும் அடங்கிய ஒரு சின்ன பைல் கிடைக்கும். அதை நம்மிடம் இருக்கும் மூல கேம்மேல் ஏற்றிக்கொள்ள வேண்டும். என் வீட்டுக் கம்ப்யூட்டரில் போட்டுக்கொள்ள, மூலத்தை நண்பன்தான் ஒரு பிளாப்பியில் கொடுத்தான்.

சில வாரம் கழித்து, எல்லா லெவலையும் புதிதாக்கும் ஒரு மாற்றம் வந்தது. இருவரும் இறக்கி, அவரவர் மூலத்தின் மேல் ஏற்றினோம். அவனுக்கு ஓடியது. எனக்கு மூன்றாவது லெவலில் செங்கற்கள் எல்லாம் எழுத்துகளாகச் சிதறி, திரை உறைந்து நின்றது. திரும்பத் திரும்ப இறக்கியும் அதே இடம்தான். 'எந்த லெவல்ல இருக்க?' என்று அவன் அனுப்பிய எஸ்எம்எஸ் என்னைக் கிண்டல் செய்வதாகவே பட்டது. லேப் தேர்வில் தன் புரோகிராமை எனக்குக் காட்டாமல் மறைத்தவன்தானே என்று பழையதெல்லாம் ஞாபகம் வந்தது. நல்ல மூலத்தைத் தனக்கு வைத்துக்கொண்டு எனக்குக் கோளாறானதைக் கொடுத்துவிட்டான் என்று முடிவுகட்டினேன்.

மாற்றத்தோடு வந்த குறிப்பை அதற்குப் பிறகுதான் படித்தேன். மூல கேமுக்கு ஒரே பெயரில் பல பதிப்புகள் உண்டு, பெயரையும் அளவையும் நம்பாதீர்கள், பைலுக்குள் ஒரு எழுத்து மாறினாலும் மாறிவிடும் சரிபார்ப்பு எண்ணைப் பாருங்கள் என்று எழுதி, சரியான எண்ணையும் கொடுத்திருந்தார்கள். பார்த்தேன். என் மூல பைலின் எண் அதோடு பொருந்தவில்லை.

அடுத்த ஞாயிறு பெரம்பலூருக்கு பஸ் ஏறினேன். பத்திரிகை மாதிரியைக் காட்ட அவன் எதிர்க்கடைக்குப் போன நேரத்தில், அவன் சிஸ்டத்தில் இருந்த மூல பைலின் எண்ணைப் பார்த்தேன். குறிப்பில் இருந்த அதே எண். அவன் திரும்பி வந்ததும் கேட்டுவிட்டேன்.

"நீ வச்சிருக்கறது வேற, எனக்குக் குடுத்தது வேறதான?"

அவன் கையிலிருந்த பத்திரிகை மாதிரியை மேசையில் வைத்தான். "நான் குடுத்த பிளாப்பி எங்க?"

என் பையிலேயே இருந்தது. வாங்கிப் போட்டு எண்ணைக் காட்டினான். அவனுடையதும் பிளாப்பியில் இருந்ததும் ஒன்றுதான்.

"இது சரியாத்தான மாப்ள இருக்கு. உன் சிஸ்டத்துல ஏத்துனப்புறம் எதயாச்சும் மாத்துனியா?"

மாற்றியிருந்தேன். வாங்கிப்போன முதல் வாரமே, கதாநாயகனின் சட்டை நிறத்தை மட்டும் மாற்றும் ஒரு துக்கடா மாற்றத்தை விளையாட்டாக ஏற்றி, அதே பெயரில் சேமித்துவிட்டேன். பெரிய மாற்றத்தை அந்தக் கெட்டுப்போன மூலத்தின் மேல்தான் ஏற்றியிருக்கிறேன். தயங்கித் தயங்கிச் சொன்னேன்.

அவன் கோபப்படவில்லை. "நான் இல்லாதப்ப என் சிஸ்டத்த நோண்டினியா?" என்று மட்டும் கேட்டான். பிளாப்பியை எடுத்துப் பையில் போட்டுக்கொண்டேன்.

அன்று மாலை வீட்டுக்கு வந்து பிளாப்பியிலிருந்து புதிதாக எடுத்து ஏற்றினேன். மூன்றாவது லெவலைச் சுலபமாகக் கடந்தேன். ஆனால் அதற்குமேல் ஆட மனம் வரவில்லை.

அடுத்த முறை கடைக்குப் போனபோது எப்போதும்போல் டீ வாங்கிக் கொடுத்துப் பேசிக்கொண்டிருந்தான். யாரோ வெளியிலிருந்து கூப்பிட எழுந்தவன், போகும் முன் இரண்டு விசைகளைத் தட்டித் திரையைப் பூட்டினான். பாஸ்வேர்டு கேட்டு நின்ற அந்தத் திரையைப் பார்த்தபடி, அவன் வரும்வரை கையை மடியிலேயே வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.