உப்பில் போடாத சுருள்

தம்பி கிறிசாந்தோவை யாராவது இளக்காரமாகப் பேசினால் பெர்பெத்துவா சண்டைக்கே போய்விடுவாள். அவளே பேசுவது வேறு விஷயம்.

அவன் முதலில் கல்யாண வீடியோ எடுத்தான். ஒரு கல்யாணத்தில் மணப்பெண்ணை விட்டுவிட்டு, விருந்தாளிகள் மேசைக்கடியில் கழற்றிப் போட்ட செருப்புகளையே மாலை முழுக்கப் பிடித்தான். அத்தோடு அந்தப் பிழைப்பு போயிற்று. பிறகு மணிலாவை ஒட்டிய தன் ஊரான நவோத்தாஸின் மீன்பிடித் துறைமுகத்தை ஆவணப்படமாக எடுக்கக் கிளம்பினான். கழுவிய பிலிமை, அக்காள் கருவாட்டுக்கு உப்பு கரைத்து வைத்த பீப்பாயில் ஊறப்போட்டு, மூங்கில் தட்டியில் மீனோடு மீனாகக் காயவைப்பான். உப்பு தின்றது போக மிஞ்சியதுதான் படம். பிரதி எடுத்து வைப்பது கோழைத்தனமாம்.

பக்கத்து வீட்டு டெல்ஃபினா அத்தை, கோயிலுக்குப் போடும் நீலக் கவுனில் வந்து அவன் கேமரா முன் நின்றாள். கூடைப்பந்துத் திடலில் படம் போட்டபோது கவுன் இருந்தது. கழுத்துக்கு மேலே வெள்ளைக் கறை. அத்தை பாதியில் எழுந்து போய்விட்டாள். வெளிநாட்டில் அந்தக் கறைக்குப் பரிசு கொடுத்தார்கள். பெர்பெத்துவா அந்தக் கேடயத்தைத் தினமும் துடைத்து வைக்கிறாள்.

அம்மா இறந்து வருஷம் திரும்பப் போகிறது. துக்கத்துக்குப் போட்ட கறுப்பு உடையைக் கழற்றும் அந்த நாளில், அம்மா மீன் அரியும் சுருளைச் சுவரில் போட்டுக் காட்ட வேண்டும் என்பது பெர்பெத்துவாவின் ஆசை. அம்மாவின் படம் அது ஒன்றுதான். இன்னும் உப்பில் விழவில்லை.

அதற்குள், திரைப்பட விழாவுக்குப் படம் பொறுக்கும் லியாந்த்ரோ மணிலாவிலிருந்து வந்து சேர்ந்தான். மீன் வாடையின் அழகைப் பற்றிக் கட்டுரை எழுதியவன், கைக்குட்டையால் மூக்கைப் பொத்திக்கொண்டு நின்றான்.

"இத இன்னும் ஊறப்போடலையா?" என்றான், அம்மாவின் சுருளைக் காட்டி.

"அது எங்கம்மா சார்" என்றான் கிறிசாந்தோ.

"அதான் விஷயமே! உப்பு இல்லேன்னா இது வெறும் குடும்ப வீடியோ. அவங்க கரையணும். கரையறதுதான் கலை."

"உங்கம்மா இருக்காங்களா சார்?" என்றாள் பெர்பெத்துவா.

"இருக்காங்க. ஏன்?"

"கூட்டிட்டு வாங்க. பீப்பா பெருசுதான்."

லியாந்த்ரோ அவளை விட்டுத் தம்பியைப் பார்த்தான். "ஊரார் முகத்தையெல்லாம் உப்புல போட்டீங்க. இது மட்டும் ஏன் ஆகாது?"

கிறிசாந்தோ சுருளைப் பீப்பாய்க்கு மேலே பிடித்தான். பிறகு பிஸ்கட் டப்பாவுக்குள் வைத்து மூடினான். லியாந்த்ரோ போய்விட்டான்; விழாவும் அவனோடு போயிற்று. சனியன் தொலைந்தது என்று பெர்பெத்துவா முற்றத்தைக் கழுவிவிட்டாள்.

அந்த நாளும் வந்தது. சுவரில் அம்மா, ஒரு சுருக்கம் குறையாமல். சத்தமில்லாத படம்தான், ஆனாலும் மகனை அவள் என்ன சொல்லித் திட்டுகிறாள் என்பது உதட்டிலேயே தெரிந்தது. உறவெல்லாம் சிரித்து அழுதது.

முன்வரிசையில் இருந்த டெல்ஃபினா அத்தை திரும்பினாள். "உங்கம்மா மொகம் நல்லா தெரியுதுடா. என்னுத மட்டும் ஏண்டா உப்புல போட்ட?"

தம்பிக்காக எவருக்கும் பதில் சொல்லத் தெரிந்த பெர்பெத்துவா, கையிலிருந்த நூடுல்ஸ் தட்டை அத்தையிடம் கொடுத்துவிட்டுத் தம்பியின் பக்கம் திரும்பினாள்.

மறுநாள் காலையில் கிறிசாந்தோ கேமராவோடு அத்தை வீட்டுக் கதவைத் தட்டினான். உள்ளேயிருந்து குரல் வந்தது:

"இரு. கவுன மாத்திக்கிட்டு வரேன். மொதல்ல அந்தப் பீப்பாயக் கவுத்துட்டு வந்தியா, சொல்லு."