பிணம் விட்ட மூச்சு

பாஞ்சாலிக்குக் குளிர் என்றால் மார்கழி விடியலில் மணவூர் ஸ்டேஷனில் ரயிலுக்கு நிற்பதுதான். அதற்கு மேலும் குளிர் உண்டென்று திருத்தணியில் ஒரு தியேட்டரில் கூட்டிப் பெருக்கும் வேலைக்கு வந்த பிறகுதான் கண்டாள், அதுவும் திரையில்.

அந்த வாரம் ஓடியது ஒரு கொலைப் படம். இமயமலைப் பக்கம் ஒரு கிராமம், எங்கு பார்த்தாலும் பனி, பனிக்குள் ஒவ்வொன்றாகப் பிணம். வெளியே சித்திரை வெயில் மண்டையைப் பிளந்ததால் ஏ.சி.க்காக வந்த சனமே பாதி. கொலைகாரன் யார் என்பது இடைவேளைக்கு முன்பே எல்லோருக்கும் தெரிந்துவிட்டது, படத்தில் வரும் போலீஸ்காரரைத் தவிர.

முதல் நாள் மேட்னி. யாரோ கொட்டிய கூல்டிரிங்க்ஸைத் துடைக்க உள்ளே போன பாஞ்சாலி தற்செயலாக நிமிர்ந்தாள். திரை முழுக்க ஒரு பிணத்தின் முகம். இடது புருவத்தை இரண்டாக்கிய தழும்பு. கரும்பு வெட்டும்போது கத்தி பட்ட தழும்பு அது. மஞ்சள் வைத்து அழுத்திக் கட்டியவளே அவள்தான்.

ராஜவேலு. அவள் புருஷன். சினிமாவுக்கு செட்டு போடும் வேலை என்று சென்னைக்குப் போனவனிடமிருந்து ஒன்பது வருஷமாக ஒரு தகவலும் இல்லை.

அவள் அலறுவதற்குள், "டேய், பொணம் மூச்சு வுடுதுடா!" என்று முன்வரிசையில் ஒருவன் கத்தினான். தியேட்டரே சிரித்தது. உண்மைதான். அந்தக் குளிரில் பிணத்தின் மூக்கிலிருந்து வெள்ளையாக ஆவி வந்தது. படம் எடுத்தவர்கள் தூங்கிவிட்டார்கள் போலும். பாஞ்சாலி மாப் கட்டையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். சந்தோஷத்தில்தான் அழுதாள். இருக்கிறான்.

பள்ளிப்பட்டில் இருக்கும் அவன் அண்ணன் சிவப்பிரகாசம் இரண்டு வருஷமாக நச்சரித்துக்கொண்டிருந்தார். காணாமல் போனவனுக்கு வைக்கோலில் உருவம் செய்து கொள்ளி வைத்துவிட்டால்தான் குடும்பத்தில் நல்ல காரியம் நடக்குமாம். "அவரு இருக்காரு பாவா, வந்துடுவாரு" என்று இவள் மறுத்துக்கொண்டே இருந்தாள். அவன் உயிரோடு இருந்தால் போதும், முடி இறக்குகிறேன் என்று முருகனிடம் வேண்டுதல் வேறு. ஊர் முதுகுக்குப் பின்னால் சிரித்தது.

அந்த வாரம் ஒவ்வொரு காட்சியிலும் பிணம் வரும் நேரத்துக்குக் கதவோரம் வந்து நின்றாள். முதல் நாள் மூச்சை மட்டும் பார்த்தவளுக்குப் போகப் போக மற்றதெல்லாம் கண்ணில் பட்டது. கன்னம் சதை போட்டிருந்தது. மீசையைப் பார்த்துப் பார்த்துக் கத்தரித்திருந்தான். நோயில் இளைத்த முகமில்லை, புத்தி பேதலித்த முகமுமில்லை. இத்தனை வருஷம் அவனுக்காக இவள் யோசித்து வைத்திருந்த சாக்குகளில் ஒன்றுகூட அந்த முகத்துக்குப் பொருந்தவில்லை. வர முடியாதவன் இல்லை அவன், வர மனசில்லாதவன்.

வாரக் கடைசியில் ஒரு ராத்திரி, கே.ஜி.கண்டிகையில் தன் வீட்டைத் திறந்தபோது அன்றுதான் அது காலி வீடாக இருந்தது. காத்திருந்தவரைக்கும் உள்ளே இரண்டு பேர் இருந்த மாதிரிதான் இருந்தது.

சிவப்பிரகாசத்துக்கு போன் போட்டாள். "அந்தக் காரியத்த செஞ்சுடுங்க பாவா."

"இன்னாம்மா திடீர்னு? எதுனா சேதி வந்துச்சா?"

"ஆங். வந்துச்சு."

அவர் மேலே கேட்கவில்லை. அமாவாசைக்கு நாள் குறித்தார்.

அதற்கு முந்தின நாள் பாஞ்சாலி திருத்தணி முருகன் கோயிலுக்கு மலையேறினாள். தலையில் தண்ணீர் தெளித்தபடி, "இன்னா வேண்டுதல்மா?" என்று கேட்டார் முடி இறக்குபவர்.

"வூட்டுக்காரரு உசுரோட இருக்கணும்னு வேண்டிகினு இருந்தேன். இருக்காரு."

"ரொம்ப சந்தோசம்மா" என்றார் அவர்.

மறுநாள் பள்ளிப்பட்டில் வைக்கோல் சீக்கிரம் எரிந்துவிட்டது. "புருசன் மேல எம்மா ஆசை பாரு, மொட்டையே அடிச்சிகினு வந்துகிறா" என்று பெண்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். பொட்டை அழிக்க சிவப்பிரகாசத்தின் மனைவி கை நீட்டினாள்.

"வுடுக்கா, நானே செஞ்சுக்கிறேன்" என்று பாஞ்சாலி புறங்கையால் நெற்றியைத் துடைத்துக்கொண்டாள்.