கடித்த நாய்க்குச் சுட்ட விசுக்கோத்து

இடது கைப் பெருவிரலில் எறும்பு ஊர்ந்தது. தட்டிவிட்டேன். மறுபடியும் ஊர்ந்தது. மாவைத் துடைத்துவிட்டு விரலை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். எறும்பைக் காணவில்லை. அது தோலுக்கு உள்ளே ஊர்ந்துகொண்டிருந்தது.

இரண்டு நாள் முன்பு அந்த விரலைத்தான் நாய் கடித்திருந்தது.

நாய் கடித்த ஒருவர் இதை வாசித்துக்கொண்டிருந்தால் ஒரு வேண்டுகோள். இப்போதே எழும்பிப் போய், ஓடுகிற தண்ணீரில் சவர்க்காரம் போட்டுக் காயத்தைக் கால் மணித்தியாலம் கழுவுங்கள். பிறகு நேரே ஆஸ்பத்திரிக்குப் போங்கள். கட்டுரை எங்கேயும் ஓடிவிடாது.

நான் கழுவவில்லை. நான் பேக்கரிக்காரன், கைக்கு எட்டியது மா. ஒரு பிடி கோதுமை மாவைக் காயத்தில் அப்பி, சீலைத்துண்டைச் சுற்றி, வேலையைப் பார்த்தேன். பாண் போடுகிறவனை நாய் கடித்தது என்று தெரிந்தால் அந்தப் பாணை யார் வாங்குவார்கள்? மனைவி புஷ்பத்திடம்கூட "தட்டு வெட்டிப்போட்டுது" என்றுதான் சொன்னேன். அவள் தட்டைப் பார்த்தாள், விரலைப் பார்த்தாள். "தட்டுக்குப் பல்லும் முளைச்சிட்டா?" என்றாள். நான் கேட்காதவன்போல விறகு அள்ளப் போனேன்.

நாயைப் பற்றிச் சொல்ல வேண்டும். சுனாமி வந்த வருடம், தண்ணீர் வடிந்து மூன்றோ நாலோ நாள் கழித்து, அது நாவலடிப் பக்கமிருந்து பாலத்தைத் தாண்டி வந்தது. வாவிக்கரையில் எங்கள் பேக்கரிதான் அப்போது முதலில் அடுப்பு மூட்டியது. பாண் வேகிற போறணையின் பின்சுவரில் சூடு கசிகிற இடமாகப் பார்த்துப் படுத்தது. பிறகு போகவேயில்லை.

அதற்கு ஒரு பெயர் இருந்திருக்கும். அந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டவர்கள் கடலோடு போய்விட்டார்கள். என் அக்காவும் அந்தப் பக்கம்தான் குடியிருந்தாள். தெருநாய்களுக்கெல்லாம் சோறு வைப்பாள். அவள் இருந்திருந்தால் கேட்டிருக்கலாம். ஜிம்மி, சீசர், ரொமி, பிளாக்கி என்று எனக்குத் தெரிந்த நாய்ப்பெயரையெல்லாம் கூப்பிட்டுப் பார்த்தேன். காது அசையவில்லை. பாண் ஓரத்தைக் கிள்ளி நீட்டினால் வரும். நாலு வருடமாக அவ்வளவுதான் எங்கள் பழக்கம்.

யுத்தம் கடைசிக் கட்டத்தில் இருந்த மாதம் அது. பாண் கிள்ளிக் கொடுத்துக்கொண்டிருந்தபோது ஹெலிகொப்டர் ஒன்று கூரையை உரசுவதுபோலப் போனது. நாய் பாணோடு என் விரலையும் சேர்த்துக் கடித்துவிட்டு விறகுக்கு அடியில் புகுந்தது. அதில் பிழை சொல்ல மாட்டேன். நானும் மேசைக்கு அடியில் புகத்தான் பார்த்தேன். என் வாயில் எவருடைய விரலும் அகப்படவில்லை, அதுதான் வித்தியாசம்.

எறும்பு ஊர்ந்த அன்று ஆஸ்பத்திரி விறாந்தையில் உட்கார்ந்திருக்கும்போது கரடியனாறு ஊர் மனிதர் ஒருவர் நினைவுக்கு வந்தார். சிறுவயதில் பார்த்தது. நாய் கடித்து மாதக்கணக்கான பிறகு, ஒரு காலையில் தண்ணீர்ச் செம்பைக் கண்டதும் அவருடைய தொண்டை இழுத்தது. நான் பார்த்தது அவ்வளவுதான். பிறகு எங்களைப் பார்க்க விடவில்லை.

டொக்டர் இளம்பெண். என் விரலைக் கழுவவைத்துவிட்டு, "எப்ப கடிச்சது ஐயா?" என்றார்.

"முந்தநாள்."

"முந்தநாள் கடிச்சதுக்கு இண்டைக்கா வாறீங்க? காயத்துக்குள்ள என்ன, மாவா?"

"ஓம். முட்டை சேர்க்கல்ல டொக்டர்."

அவர் சிரிக்கவில்லை. பயம் வந்தால் எனக்குப் பகிடி வரும். அது என் பிறவிக் குணம். அன்று பகிடி வந்த வேகத்தைப் பார்த்து எனக்கே பயம் கூடிவிட்டது.

"தொண்டை இறுக்குதா? தண்ணிக்குப் பயமிரிக்கா?"

"எந்தத் தண்ணிக்கு, டொக்டர்?"

பேனா ஒரு கணம் நின்றது. அவரும் இந்த ஊர்ப் பிள்ளைதான். அலைக்குப் பிறகு எங்களில் தண்ணீருக்குப் பயமில்லாதவர் யார்? பேக்கரி ஜன்னலைத் திறந்தால் எனக்கு வாவி தெரியும். நாலு வருடமாக அந்த ஜன்னலைத் திறக்கவில்லை.

"குடிக்கிற தண்ணிக்கு," என்றார் மெதுவாக.

எறும்பு ஊர்வது நோய் இல்லை, மா அப்பியதால் புண் பழுத்திருக்கிறது என்று விளக்கினார். விசர்நாய்க்கடிக்கு நோயரும்பு காலம் (கிருமி உள்ளே போனதிலிருந்து நோய் வெளியே தெரியும்வரை உள்ள இடைவெளி) சாதாரணமாக வாரக்கணக்கு, மாதக்கணக்கு. இரண்டு நாளில் வராது. ஆனால் வெளியே தெரிந்துவிட்டால் பிறகு அநேகமாக வைத்தியம் இல்லை. அதனால்தான் இப்போதே ஊசி.

முதலில் எதிர்ப்புச் சீரம் (கிருமியை எதிர்க்கும் சக்தியை வேறோர் உடலில் உண்டாக்கி எடுத்த மருந்து). எனக்குத் தந்தது குதிரையிலிருந்து எடுத்தது. ஒத்துவருமா என்று தோலில் துளி போட்டுப் பார்த்துவிட்டு, மீதியைக் காயத்தைச் சுற்றி ஏற்றினார்கள். விரல் போறணையில் வைத்த பணிஸ்போல வீங்கியது. நாய் கடித்ததற்குக் குதிரை வைத்தியம், கழுதை நான்தான். பிறகு தடுப்பூசி. முதல் ஊசி போட்ட நாளை அவர்கள் பூச்சியம் என்று எழுதி, அதிலிருந்து எண்ணுகிறார்கள்.

"நாய் எங்க?" என்றார் டொக்டர்.

"போறணைக்குப் பின்னால படுத்திரிக்கு."

"பதினாலு நாளைக்கு அது உங்கட கண்ணுக்கு முன்னால இரிக்கோணும். கடிச்ச அண்டைக்கு அதிட எச்சில்ல கிருமி இரிந்திரிந்தா, அதுக்குள்ள நாய் செத்திரும். உயிரோட இரிந்தா உங்களுக்கு ஒண்டுமில்ல. செத்தாலும் காணாமப் போனாலும் உடன வந்து சொல்லுங்க. எதெண்டாலும் ஊசிய நாங்க சொல்லுமட்டும் விடக்கூடாது. நீங்க பிந்தி வந்த ஆள்."

பிந்தி வந்த ஆள். வீடு வரும்வரை அந்த மூன்று சொல்லும் எனக்கு முன்னால் சைக்கிள் ஓடின.

அன்றிலிருந்து மணித்தியாலத்துக்கு ஒரு டம்ளர் தண்ணீர் குடித்துப் பார்த்தேன். இறங்குகிறதா? இறங்குகிறது. அடுத்த மணிக்கு மறுபடியும். புஷ்பத்திடம் எல்லாவற்றையும் சொல்லியாயிற்று. அவள் இரண்டு நாள் பேசவில்லை. மூன்றாம் நாள் வாய் திறந்தாள்: "இஞ்ச பாருங்க, நீங்க விசரால சாக மாட்டீங்க. கக்கூசுக்கு ஓடி ஓடித்தான் சாவீங்க." சொல்லிவிட்டு அடுத்த டம்ளரை அவளே நிரப்பி வைத்தாள். நான் குடித்து முடிக்கும்வரை என் தொண்டையையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

நாயை எப்படிக் கண்முன்னால் வைத்திருப்பது? ஒருநாளும் கட்டியிராத நாய்; கட்டினால் இன்னொரு விரல் போகும். கட்டாவிட்டால் அது போகும். என்னிடம் இருந்த ஒரே கயிறு போறணை. காலை முதல் தட்டு நாய்க்கு என்று முடிவு செய்தேன். கடித்த நாய்க்கு முதல் தட்டு, காசு தருகிற சனத்துக்கு இரண்டாவது. என் உயிர் அதன் வயிற்றில் இருந்தது.

பயந்தவன் அளந்து போடமாட்டான். வெண்ணெய், சீனி, முந்திரிகை வற்றல் (காய்ந்த திராட்சை) எல்லாம் கொட்டி, கலியாண வீட்டுக்குப் போடுவதுபோல விசுக்கோத்துச் சுட்டேன். நாய் தின்றது. ஐந்தாம் நாள் அது சாப்பிட வரவில்லை. போய்ப் பார்த்தேன். வாயிலிருந்து நூல் நூலாக எச்சில் வடிந்தது. தண்ணீரை வைத்தேன், முகத்தைத் திருப்பியது.

மாச்சாக்கில் இருந்துவிட்டேன். "புஷ்பம், அது தண்ணி குடிக்குதில்ல" என்றேன். அவள் பகிடி சொல்லவில்லை. முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

மிருக வைத்தியர் தடித்த கையுறையோடு வந்து, தள்ளி நின்று வெகுநேரம் பார்த்தார். நாய் சத்தியெடுத்து வைத்திருந்ததை ஒரு குச்சியால் கிளறினார்.

"பாஸ், என்ன குடுத்தீங்க?"

சொன்னேன்.

"முந்திரிகை வற்றலா? அது நாய்க்கு நஞ்சு. கூடத் திண்டிரிந்தா நாயைப் பறிகொடுத்திரிப்பீங்க. இதுக்கு விசர் இரிக்கிறமாதிரித் தெரியல்ல. ஆனா நானும் பதினாலு நாளுக்கு முதல் எழுதித் தரமாட்டன்."

என் உயிரைக் காக்கிற நாயை நானே கொல்லப் பார்த்திருக்கிறேன். அவர் ஊசி போட்டார். இரண்டு நாளில் தேறியது. அவர் சொன்னபடி புது விசுக்கோத்து: கோதுமை மா, முட்டை, அவித்து மசித்த பூசணி, ஊறவைத்து உப்பைப் போக்கி இடித்த நெத்தலிக் கருவாடு. சீனி, உப்பு, வெங்காயம், சொக்கலேட் எதுவும் ஆகாது. மெல்லிய நெருப்பில் கல்லுப்போலக் காயவிட வேண்டும். அந்த மணம் தெருமுனைவரை போகும். நாய் சுவரோரமாக எழும்பி, வாலைத் தூக்கிக்கொண்டு வரும். அதற்கு நான் வைத்த பெயர் அந்த மணம்தான் என்று நினைத்துக்கொண்டேன்.

ஒன்பதாம் நாள் யுத்தம் முடிந்துவிட்டது என்றார்கள். சந்தியில் வெடி கொளுத்தினார்கள். தெருவில் வீடுகள் கதவைச் சாத்தின. யுத்தம் நடந்த வன்னியில் ஆட்கள் உள்ளவர்கள் றேடியோவை விட்டு எழும்பவில்லை. முதல் கட்டு வெடித்ததும் நாய் வேலியைப் பிய்த்துக்கொண்டு போய்விட்டது.

ஊர் முழுவதும் பிள்ளைகளையும் சகோதரங்களையும் நினைத்துப் பதறுகிற நாளில், நான் ஒரு நாயை நினைத்துப் பதறினேன். வெட்கமாக இருந்தது. ஆனால் பயம் வெட்கத்தைக் கேட்டு வருவதில்லை.

டொக்டரிடம் போய்ச் சொன்னேன். "ஊசிக்கு வந்து கொண்டிரிங்க. நாயையும் தேடுங்க," என்றார். எப்படித் தேடுவது? பெயர் இருந்தால் கூப்பிடலாம். பதினோராம் நாள் ஒரு தட்டு நெத்தலி விசுக்கோத்தைச் சுட்டு, சூட்டோடு தகரப்பேணியில் போட்டு மூடி, பட்டப்பகலில் சைக்கிளில் புறப்பட்டேன். சந்துக்குச் சந்து மூடியைத் திறப்பேன், நிற்பேன், மூடுவேன். அந்தக் கிழமையில் ஒருவன் தகரப்பேணியோடு அப்படித் திரிந்தால் என்ன நினைப்பார்கள் என்று எனக்குத் தோன்றவேயில்லை.

பாலத்தடிக் காவலரணில் தோன்றியது. சிப்பாய் துவக்கை லேசாகத் திருப்பினான்.

"என்ன அது?"

"பிஸ்கட், சேர்."

"திற."

திறந்தேன். மணந்து பார்த்தான். முகம் சுருங்கியது. "யாருக்கு?"

அந்த நாட்களில் சாப்பாடு கொண்டுபோகிறவனிடம் கேட்கிற கேள்விகளில் அதைவிடப் பொல்லாதது இல்லை. 'நாய்க்கு' என்றால் நக்கல் என்று நினைப்பான்.

"முதல் நீ சாப்பிடு," என்றான்.

ஒன்றை எடுத்துக் கடித்தேன். கல். மென்றேன். விழுங்கப் பார்த்தேன், தொண்டை இறுகியது. இன்னொருதரம் முயன்றேன். இறங்கவில்லை. பதினோராம் நாள். அந்த இடத்தில், துவக்கையும் மறந்துவிட்டு, கரடியனாற்று மனிதரை நினைத்தேன். வந்துவிட்டது என்று நினைத்தேன்.

என் கண் பிதுங்கியதைப் பார்த்து அவனும் மிரண்டுவிட்டான். தன்னுடைய தண்ணீர்ப் போத்தலை நீட்டினான். அதை வாங்கிப் பார்த்துக்கொண்டே நின்றேன். எவ்வளவு நேரம் என்று தெரியாது. கண்ணை மூடிக்கொண்டு வாயில் ஊற்றினேன்.

இறங்கியது. விசுக்கோத்தையும் இழுத்துக்கொண்டு இறங்கியது.

கண்ணைத் திறந்தபோது பேணி கனத்தது. தார்ப் பீப்பாய்களுக்குப் பின்னாலிருந்து வந்து, தலையை உள்ளே விட்டுத் தின்றுகொண்டிருந்தது என் நாய். உடம்பெல்லாம் சேறு, ஒரு காது கிழிசல், வால் மட்டும் நேரே. 'யாருக்கு' என்ற கேள்விக்கு நான் பதில் சொல்லத் தேவையில்லாமல் போயிற்று. சிப்பாய் சிரித்தான். நானும் சிரித்தேன். என் கால்கள் சிரிக்கவில்லை. சைக்கிளை உருட்டிக்கொண்டுதான் வீடு வந்தேன். நாய் பேணிக்குப் பின்னால் வந்தது.

பதினாலாம் நாள் அப்படியே பேணியைக் காட்டிக் காட்டி அதை ஆஸ்பத்திரி வாசல்வரை நடத்திக்கொண்டு போனேன். டொக்டர் விறாந்தையிலிருந்து எட்டிப் பார்த்தார். "இதுதானா ஆள்?" என்றார். "ஓம்." "நல்லாத்தான் இரிக்கு." முதன்முறையாகச் சிரித்தார். "நீங்கதான் மெலிஞ்சிட்டீங்க."

இதை வாசிக்கிறவருக்கு நான் சொல்லக்கூடியது கொஞ்சம்தான். ஊசிகளை முழுதாகப் போடுங்கள். நாயைப் பாருங்கள், ஆனால் நாயை நம்பி ஊசியை விடாதீர்கள். பயம் மருந்தால் குறையாது. நாள் எண்ண எண்ணக் குறையும். முழுக்கப் போகாது. பிறகு வந்த ஒவ்வொரு மழைக்காலத்திலும் என் பெருவிரலில் எறும்பு ஊரும். கையை இழுத்துக்கொள்வேன், அடுத்த கணம் போறணைக்குப் பின்னால் எட்டிப் பார்ப்பேன். அது அங்கே படுத்திருக்கும். நான் இருக்கிறேன் என்பதற்கு ஒரு சாட்சி. அதன் மூச்சு ஏறி இறங்குவதை இரண்டுதரம் பார்த்துவிட்டு மாவுக்குத் திரும்புவேன். என் நாட்கள் எல்லாம் அந்தப் பூச்சியத்திலிருந்துதான் எண்ணப்படுகின்றன.

நாய் அப்படி இன்னும் பல வருடம் இருந்தது. முகம் நரைத்து, பல் விழுந்து, விசுக்கோத்தைப் பாலில் ஊறவைத்துக் கொடுக்கும் காலம்வரை.

ஒருநாள் காலை முதல் தட்டை இறக்கினேன். மணம் போயிருக்கும், அது வரவில்லை. பின்னால் போய்ப் பார்த்தேன். சுவர் சூடாக இருந்தது. நாய் சூடாக இல்லை.

முதலில் வந்தது துக்கம் இல்லை என்பதைச் சொல்லத்தான் வேண்டும். பெருவிரல் ஊர்ந்தது. உள்ளே ஓடினேன். டம்ளரை நிரப்பும்போது பாதி தரையில் போயிற்று. புஷ்பம், "என்ன, பழைய விசர் திரும்பிட்டா?" என்று தொடங்கியவள், என் முகத்தைப் பார்த்துவிட்டுப் பின்பக்கம் போனாள்.

ஜன்னலடியில் நின்று குடித்தேன். ஒரு மிடறு. இறங்கியது. இன்னொன்று. அதுவும் இறங்கியது. சாட்சி இல்லாமலே இருந்தேன். இத்தனை வருடம் சாத்திவைத்த ஜன்னலைத் திறந்து, மிச்சத் தண்ணீரையும் வாவியைப் பார்த்துக்கொண்டே குடித்து முடித்தேன்.